தீனிக் குழாய் காய்கிறது

1

இந்தக் கதை பிறந்தது பாட்டில் கழுவும் பிரஷ்ஷின் முனையில். கொல்லையில் குருவிகளுக்காகத் தொங்கவிடும் பிளாஸ்டிக் தீனிக் குழாயை வெந்நீரில் ஊறவைத்துத் தேய்த்துக்கொண்டிருந்தேன். பத்திரிகை ஆசிரியர் போனில் கூப்பிட்டு, என்ன எழுதுகிறீர்கள் என்றார். கையில் இருந்ததைச் சொன்னேன்.

"நல்லா இருக்கே! கடைசில குருவி செத்துடட்டும். அப்பத்தான் கதை கனமா இருக்கும்."

போனை வைத்துவிட்டு மறுபடி தேய்த்தேன். அவருக்கு இந்தக் கதைதான் பதில்.

2

'தனிமையில் வாடிய அந்த விதவை, பறவைகளிடம் தன் மனத்தை...'

வேண்டாம். எங்கள் வீட்டில் விதவை யாரும் இல்லை. (கல்யாணமே வேண்டாமென்ற நானும், புருஷனை விட்டுவிட்டு வந்து நிம்மதியாகத் தூங்கும் அக்காவும்தான். பரிதாபப்பட வந்தவர்கள் அடுத்த கதைக்குப் போகலாம்.)

'சிறகுகளின் மௌனத்தில்...'

சீ.

நேராகவே சொல்கிறேன். குழாயின் அடியில் விதைக்குப் பூசணம் பிடித்திருந்தது. ஒரு குருவி உடம்பை உப்பிக்கொண்டு, கண் வீங்கி, பறக்காமல் சுவரோரம் உட்கார்ந்திருந்தது.

3

அக்காவைப் பாத்திரமாக்குவதில் ஒரு சிக்கல். அலட்சியத்தால் வந்த தப்பு என்றால் எழுதுவது சுலபம். இவள் அக்கறையால் கெடுத்தாள். உப்பு ஜாடி பாதி இறங்கினாலே அவளுக்கு இருப்புக் கொள்ளாது. குழாயிலும் அப்படித்தான், பழைய விதை தீருமுன் மேலே புதியதைக் கொட்டுவாள். மேலே பளபளவென்று இருக்கும். அடியில் மழை ஈரத்தில் அழுகும்.

"அடியில இருக்கிறதைக் கொட்டிட்டுல்ல புதுசு போடணும்?"

"காலியாத் தொங்கினா அதுங்க என்னடி நினைக்கும்?"

"ஒண்ணும் நினைக்காது. வேற இடம் தேடிப் போகும். கொஞ்ச நாள் போகட்டும்க்கா. எல்லாம் இங்கயே கூடினா ஒண்ணுகிட்ட இருந்து ஒண்ணுக்கு ஒட்டிக்கும்."

அக்கா அழுதாள். [இங்கே ஓர் உவமை இருந்தது. எடுத்துவிட்டேன்.] பிறகு கையுறை மாட்டிக்கொண்டு, குழாய் தொங்கும் கொக்கிக்குக் கீழே சிந்திக்கிடந்த விதையையும் எச்சத்தையும் மண்ணோடு வாரினாள். நான் பிளீச்சிங் பவுடர் கரைத்த தண்ணீரில் குழாயை முக்கியெடுத்து, வாடை போகும்வரை அலசி, வெயிலில் வைத்தேன்.

4

வீட்டுக்காரம்மா மாடியிலிருந்து இறங்கி வந்தார். குழாயைக் கண்டாலே அவருக்கு ஆகாது.

"அப்பாடா, கழட்டிட்டீங்களா!"

"கழட்டலைங்க. காயுது," என்றேன்.

"நோய் பரப்புற சாமான். திரும்ப மாட்டினா வீட்டைக் காலி பண்ணிடுங்க."

பயந்துதான் போனேன். ஆண் துணை இல்லாத இரண்டு பெண்கள் வாடகைக்கு வீடு தேடினால் என்னென்ன கேட்பார்கள் என்பது எனக்குத் தெரியும். முதல் வரைவில் என்னை 'மன்னிச்சுக்குங்க' என்று சொல்லவைத்தேன். அதை அடித்துவிட்டேன். வாயைத் திறந்தது அக்காதான்.

"அழுக்கா வச்சிருந்தது என் தப்பு. அதைக் கழுவியாச்சு. சாப்பாடு போட்டது தப்பில்லைங்க."

5

இனி முடிவு.

(அ) குருவி சாகிறது. மாட்டேன். மறுநாள் அது சுவரோரம் இல்லை. பறந்ததா, பூனை கொண்டுபோனதா, தெரியாது. தெரியாது என்று எழுத எனக்கு வெட்கமில்லை.

(ஆ) வீட்டுக்காரம்மா மனம் இளகி, ஒரு பிடி விதையோடு... பச்சைப் பொய்.

(இ) நாங்கள் மூட்டை முடிச்சோடு தெருவில்... எழுதிக் கொடுத்து வீட்டுக்காரம்மாவின் ஆசையைக் கிளப்புவானேன்?

நடந்தது இவ்வளவுதான். அக்கா குழாய்க்குள் விரலை விட்டுப் பார்த்தாள். "ஓரத்துல இன்னும் ஈரம் இருக்குடி." ஒரு விதைகூடப் போடாமல், காலியாகவே திரும்ப வெயிலில் வைத்தாள். நோய் ஓயட்டும் என்று காத்திருந்தோம். கொக்கி வெறுமனே நின்றது. வீட்டுக்காரம்மா அதைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே போவார். சிரிக்கட்டும் என்று விட்டோம்.

அப்புறம் மாட்டினோமா? சொல்ல மாட்டேன். இந்தப் பத்திரிகை மாடிக்கும் போகிறது. தெரிந்தே ஆகவேண்டுமென்றால் கொல்லைப் பக்கமாக வந்து நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள். சத்தம் போடாமல் வாருங்கள். சாப்பிடும்போது யாரையும் விரட்டக் கூடாது.