ஏழாவது வாளி

பெங்களூரை விட்டு ஒரு மைல் நகராமல், ஒரே வாளித் தண்ணீரால் ஓர் அமெரிக்கக் கௌபாயைக் குதிரையிலிருந்து தள்ளிவிட்டவன் நான். 1923, ஈஸ்டருக்கு மறுநாள் திங்கட்கிழமை.

அலசூர் ஏரிக்கரையில் சுந்தரேசனின் கூடார பயாஸ்கோப். முந்நூறு பேர் கொள்ளும்; அன்று நாலாயிரம் பேர் இருந்தார்கள். ஊமைப் படம். துணித்திரை காய்ந்தால் படம் மங்கிவிடும் என்பதால், ரீல் மாற்றும் இடைவெளியில் அதன்மேல் தண்ணீர் வீசுவது என் வேலை. வழக்கமாக ஆறு வாளி.

அன்றைய வெக்கைக்கு ஆறு போதவில்லை. ஏழாவதை ஏரியில் மொண்டு வருவதற்குள் ஆபரேட்டர் நோயல் அடுத்த ரீலை ஓட்டிவிட்டான். திரையில் ஒரு கழுதை ஷெரிப்பை உதைத்தது. பின்னாலேயே கௌபாய் புழுதி பறக்க நேரே என்னைப் பார்த்து வந்தான். படமோ மங்கல். மனசு கேட்காமல் வீசினேன். தண்ணீர் அவன் மூக்கில் பட்டது. ஆள் குதிரை வாலில் சறுக்கி, மாட்டுத் தொட்டிக்குள் தலைகீழாக விழுந்தான்.

ஜனங்கள் சிரித்த சிரிப்பில் ஏரி வாத்துகள் ஒயிட்ஃபீல்டுக்குப் பறந்துபோய் மூன்று நாள் திரும்பவில்லை.

வாசலில் டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்த சுந்தரேசன் ஓடிவந்தபோது, திரையில் என் நிழலும் காலி வாளியும்தான் தெரிந்தன.

“யோவ் ரெமிஜியஸ், படம் ஓடறப்பவா தண்ணி ஊத்துவ? நாளையிலேருந்து வராதய்யா.”

வீட்டில் என் மனைவி பவுலினுக்கு எட்டு மாதம். எனக்கு வேறு வேலை கிடையாது.

“மொதலாளி, நான் ஊத்துனதாலதான் அவன் விழுந்தான்.”

“துணியில ஊத்துனா அமெரிக்காக்காரன் விழுவானா? யார் காதுல பூ சுத்துற?”

“நாளைக்கு நீங்களே ஊத்திப் பாருங்க. விழலைன்னா நானே போயிடறேன்.”

மறுநாள் அவர் வேட்டியை மடித்துக் கட்டி வாளியோடு நின்றார். கழுதை ஷெரிப்பை உதைத்தது. மனசுக்குள் மூன்று எண்ணி, அவர் முழங்கையைத் தட்டினேன். என் பங்கு அவ்வளவுதான்.

கூடாரம் அதிர்ந்தது. ‘இன்னொரு வாளி!’ என்று தமிழிலும் கன்னடத்திலும் உருதுவிலும் கூச்சல். சுந்தரேசன் மாட்டுத் தொட்டியில் உதறும் கால்களையும் தன் கையிலிருந்த வாளியையும் மாறி மாறிப் பார்த்தார்.

“நெசந்தான்யா, விழுந்துட்டான்,” என்றார். “நாளையிலேருந்து நீ மொண்டு குடு. ஊத்தறது நான்.”