குங்குமம் வைத்த தோட்டா

துப்பாக்கி விஷயத்தில் காவிரிக்குத் தென்கரையில் தன்னை மிஞ்ச ஆள் இல்லை என்பது தமிழரசனின் தீர்மானமான கருத்து. வடகரையைப் பற்றி அவன் இன்னும் விசாரித்து முடிக்கவில்லை.

கருத்துக்கு ஆதாரம் துபாய். அங்கே ஒரு நகைக்கடை வாசலில் செக்யூரிட்டியாக நின்றவன். துப்பாக்கி வைத்திருந்தவர் வேறு ஆள். தமிழரசனுக்கு விசிலும் டார்ச்சும் கொடுத்திருந்தார்கள். அதனால் என்ன? பூவோடு சேர்ந்த நாரும் மணக்கும் என்பார்கள். இந்த நார் ஒரு படி மேலே போய்த் தன்னையே பூ என்று நம்பிவிட்டது.

விசா முடிந்து திருக்காட்டுப்பள்ளியில் மாமனார் வீட்டோடு வந்து தங்கிய பிறகு அந்த ஞானத்துக்கு ஒரு வேலை கிடைத்தது. மாமனார் இராஜாங்கத்திடம் லைசென்ஸோடு ஓர் ஒற்றைக்குழல் துப்பாக்கி இருந்தது. ஆற்றுப் படுகையில் வாழையைக் கிளறும் பன்றிகளை விரட்ட வாங்கியது. உள்ளாட்சித் தேர்தல் அறிவித்ததும், லைசென்ஸ் துப்பாக்கிகளை எல்லாம் ஸ்டேஷனில் ஒப்படைக்கச் சொல்லிவிட்டார்கள். இராஜாங்கத்துக்கோ அப்போதுதான் கண்புரை ஆபரேஷன். ஒரு கண்ணில் கட்டு. இன்னொரு கண் தன் முறைக்குக் காத்திருந்தது. மருமகன் பொறுப்பேற்றான். துப்பாக்கியைத் திறந்து, உள்ளே இருந்த தோட்டாவை உருவி, சாமி அலமாரியில் வைத்து, “காலி” என்று வீட்டுக்கே அறிவித்தான்.

“ஆயுத பூஜைக்கு வச்சுட்டுக் கொண்டுபோய்க் குடுங்க மாப்ள” என்றார் மாமியார் மங்களாம்பிகை. அப்படியே ஆனது. பூஜை முடிந்த மறுநாள் காலை ஸ்டேஷனிலிருந்து போன் வந்தது. ஆட்டோவுக்குச் சொல்லியாகிவிட்டது. இராஜாங்கம் வெள்ளை வேட்டியும் கறுப்புக் கண்ணாடியுமாகக் கூடத்தில் பிளாஸ்டிக் நாற்காலியில் தயாராக உட்கார்ந்திருந்தார்.

தமிழரசன் பீரோவிலிருந்து துப்பாக்கியை எடுத்து வந்தான். சந்தனமும் குங்குமமும் காயாமல் இருந்தன.

“திறந்து பாத்தீங்களா?” என்றாள் குந்தவை, அவன் மனைவி. அந்தத் துப்பாக்கியோடு ஒரே வீட்டில் வளர்ந்தவள். காலி என்று யார் சொன்னாலும் அவள் காதில் ஏறாது. ஆளில்லாத பக்கமாகக் குழலைத் திருப்புவாள். விசையில் விரல் படாமல் மடக்கித் திறப்பாள். கண்ணால் பார்த்தது போதாதென்று சுண்டுவிரலை விட்டும் துழாவுவாள்.

“ஒரு வாரம் முன்னாடி நான்தானே எடுத்தேன்?”

“அது போன வாரம்.”

“மாமா, ஒங்க மக பூட்டின பூட்டை நாலு தடவ இழுத்துப் பாத்துட்டு, பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போய்த் திரும்பி வந்து அஞ்சாந்தடவ இழுக்குற ஆளு. இவளை எல்லாம் துபாய்ல விட்டா கடையே தொறக்க மாட்டாங்க.”

“அங்க ஒங்களுக்கு விசிலுதானே குடுத்தாங்க?” என்றாள் குந்தவை.

இராஜாங்கம் சிரித்தார். அந்தச் சிரிப்புதான் தமிழரசனைச் சுட்டது. மாமனார் வீட்டுச் சோற்றில் இருப்பவனுக்கு எந்தச் சிரிப்பும் சின்னச் சிரிப்பு அல்ல.

“காலித் துப்பாக்கின்னா வெறகுக்கட்டை மாதிரிடி. இதோ, அழுத்தியே காட்டுறேன்.” பின்னாலிருந்த குதிரையைக் கட்டை விரலால் இழுத்தான். ‘டக்’ என்று நின்றது. தோட்டாவின் முதுகில் போய் அடிக்கும் இரும்பு அது. விரல் விசைக்குப் போனது. பேச்சு சுவாரசியத்தில் குழல் எந்தப் பக்கம் பார்க்கிறது என்று அவன் பார்க்கவில்லை. அது நாற்காலியைப் பார்த்தது. நாற்காலியில் இருந்தவரால் அதைப் பார்க்க முடியாது.

குந்தவை கத்தவில்லை. ஓரடி எடுத்து வைத்து, உள்ளங்கையால் குழலைக் கொல்லைப்புறக் கதவுப் பக்கம் தள்ளிப் பிடித்தாள். வெளியே வேலிக்கு அப்பால் அறுத்துப் போட்ட வயல். ஆள் நடமாட்டம் இல்லை.

“வெரல எடுங்க.” குரல் மிகத் தாழ்வாக வந்தது.

எடுத்தான். அவள் பிடியை விடாமல், குழலைத் திறக்கும் நெம்பை மேலே ஒதுக்கினாள். துப்பாக்கி இடுப்பொடிந்தாற்போல மடங்கியது. உள்ளே பித்தளை மின்னியது. தோட்டா. அதன் முதுகில், குதிரை வந்து அடிக்கிற இடத்தில், நடுவாக ஒரு குங்குமப் பொட்டு.

“நேத்து நான்தான் போட்டேன்” என்றார் மங்களாம்பிகை, வாசற்படியிலிருந்து, யாரும் கேட்பதற்கு முன்பே. “மரக்காலை நெல்லு போட்டுத்தான் வச்சேன். மருந்தடிக்கிற டேங்குல தண்ணி ஊத்தி வச்சேன். சாமி முன்னால இதை மட்டும் வெறும் வயித்தோட வைக்கவா? ஒங்கப்பா போடுறதை எத்தனை வருஷமாப் பாக்குறேன்.”

“எடுத்தியா, பூஜை முடிஞ்சதும்?” என்றாள் குந்தவை.

மங்களாம்பிகை சாமி அலமாரியைத் திரும்பிப் பார்த்தார்.

“என்னம்மா, சத்தத்தையே காணோம்?” என்றார் இராஜாங்கம், கறுப்புக் கண்ணாடியைச் சத்தம் வந்த பக்கமாகத் திருப்பி.

குழல் அவரைப் பார்த்து நின்றதை யாரும் சொல்லவில்லை. குந்தவை தோட்டாவை உருவித் தன் முந்தானையில் முடிந்துகொண்டாள். வழக்கம்போலச் சுண்டுவிரலால் துழாவினாள். துப்பாக்கியைத் திறந்தபடியே அவனிடம் நீட்டி, “நீங்களும் பாருங்க” என்றாள். அவன் பார்த்தான். ஒரு வட்டமும் அதற்குள் வெளிச்சமும் தெரிந்தன. அந்த வெளிச்சத்திலும் நடுவில் சிவப்பாக ஒரு புள்ளி இருப்பதுபோல இருந்தது.

திறந்த துப்பாக்கியைப் பழைய வேட்டியில் சுற்றி, காலடியில் வைத்துக்கொண்டு மாமனாரும் மருமகனும் ஆட்டோவில் போனார்கள். வழியெல்லாம் இராஜாங்கம் வாழைத்தார் விலையைப் பேசிக்கொண்டு வந்தார். தமிழரசன் “ம்” போட்டான். விரல் விசையைத் தொட்டது நினைவிருக்கிறது. அழுத்த ஆரம்பித்திருந்ததா என்பது நினைவில் இல்லை. எவ்வளவு யோசித்தும் அந்த இடம் மட்டும் வரவில்லை. பக்கத்தில் மாமனாரின் சட்டைப்பை வண்டி குலுங்கும்போதெல்லாம் ஏறி இறங்கியது. அதில் மூக்குக் கண்ணாடிக் கூடு இருந்தது.

ஸ்டேஷனில் ஏட்டு வேட்டியைப் பிரித்தார், பார்த்தார், ‘சடக்’கென்று துப்பாக்கியை மூடினார். “காலிதானே?”

  தமிழரசன் துப்பாக்கியைக் கேட்டு வாங்கினான். குழலை ஆளில்லாத மூலையில் மண் தரையைப் பார்க்கத் தாழ்த்தினான். விசைக்கு வெளியே விரலை நீட்டி வைத்துக்கொண்டு நெம்பை ஒதுக்கித் திறந்தான். பார்த்தான். பிறகு சுண்டுவிரலை விட்டான்.

“ஏன் தம்பி, தொறந்து இருந்ததை இப்பதானே நான் மூடினேன்? நடுவுல எவன் வந்து போட்டான்?” என்றார் ஏட்டு.

“துபாய்ப் பழக்கம் சார், விடுங்க” என்று இராஜாங்கம் பெஞ்சிலிருந்து பெருமையாகச் சொன்னார்.

ஏட்டு சிரித்துக்கொண்டே துப்பாக்கியை வாங்கி மூடி, நம்பர் சீட்டுக் கட்ட நூலை எடுத்தார்.

தமிழரசன் மறுபடியும் கையை நீட்டினான்.