வீட்டில் சொல்லாத பெயர்

மாப்பிள்ளைப் பையனை ஆபித் பாஷாவுக்குப் பிடித்துத்தான் இருந்தது, அவன் தன் படிப்பைப் பற்றிப் பேசத் தொடங்கும் வரை.

மகன் வழிப் பேத்தி சஹருக்கு வந்த வரன் அது. பையன் பெயர் உசாமா. வாணியம்பாடியில் தலைமுறை தலைமுறையாகத் தோல் மண்டி வைத்திருந்த குடும்பம். அந்த வீட்டுப் பிள்ளை வேலூரில் போய் ஒலிக்காலவியல் என்று ஒன்றை ஆராய்கிறானாம். நாம் தினமும் புழங்குகிற சொல் நம்மோடு சேர்ந்து மூப்படையுமாம். புழங்காமல் விட்ட சொல், கடைசியாகச் சொன்ன வயதிலேயே நின்றுவிடுமாம். மறுபடி அதை வாய்விட்டுச் சொன்னால், எப்போது நின்றதென்று கருவி சொல்லிவிடுமாம்.

"ரொம்ப நாளா சொல்லாத வார்த்தையா ஒண்ணு சொல்லுங்க சாப்" என்று உசாமா கருவி ஏற்றிய போனை நீட்டினான்.

பாஷா தொண்டையைச் செருமி, "ஆவாரம்பட்டை" என்றார். பட்டையில் தோலைப் பதனிட்டது ஒரு காலம். போனில் ஒரு வருஷம் வந்தது. ஆம்பூரில் அவர் தம் டேனரியை மூடிய வருஷம்.

மகன் முஸம்மில் வாயைப் பிளந்தான். பாஷா அசரவில்லை. இவனே பையனிடம் முன்கூட்டி ஓதி வைத்திருப்பான் என்று மகனை முறைத்தார். தழும்புத் தோலுக்குச் சாயம் பூசி முதல் தரமென்று தள்ளப் பார்த்தவர்களை நகத்தால் சுரண்டியே பிடித்தவர் அவர்.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. டீயை உறிஞ்சிக்கொண்டே உசாமா, பழைய வீடுகளில் இப்படி நின்றுபோன பெயர்கள்கூட இருக்கும் என்றான். அடுத்து, கல்யாண அழைப்பில் இந்த வீட்டில் யார் பெயரை முதலில் சொல்வீர்கள் என்று கேட்டான். பாஷா கோப்பையைக் கீழே வைத்தார்.

அந்த வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. கல்யாணத்துக்கு முந்திய வெள்ளிக்கிழமை, ஜும்மா முடிந்து வந்ததும், அழைக்க வேண்டியவர்களின் பெயரைப் பெரியவர் ஒவ்வொன்றாக வாய்விட்டுச் சொல்வார். மற்றவர்கள் திரும்பச் சொல்வார்கள். அவர் வாயில் வராத பெயருக்கு அழைப்பு போகாது. முதல் பெயர் எப்போதும் வீட்டுப் பெண்ணுடையது. பாஷாவுக்கு ஒரே பெண், ஜஹீதா. டேனரியில் தோல் ஊறும் சுண்ணாம்புக் குழியில் கூலிக்கு வேலை பார்த்த அப்துல் ஹமீதைக் கட்டிக்கொண்டு அவள் ஆலங்காயம் போய் இருபது வருஷமாகிறது. அன்றே அவள் பெயரை இனி யாரும் சொல்லக் கூடாது என்றார். அதற்குப் பிறகு எந்த விசேஷத்திலும் இரண்டாவது பெயரிலிருந்துதான் தொடங்கினார். விஷயம் உசாமா வீட்டுக்குத் தெரிந்தால் சஹருடைய சம்பந்தமும் போகும், ஊரில் தலை நிமிர்ந்து நடந்த நடையும் போகும்.

கருவியைக் காட்டி வீட்டைத் துழாவ வந்திருக்கிறான். சந்தேகமே இல்லை. இந்த சாஸ்திரம் டூப்பு என்று நிரூபித்து, பையனைத் தானே அனுப்பிவிட வேண்டும்.

உசாமா கிளம்பும்போது அந்தக் கருவியை முஸம்மிலின் போனில் ஏற்றிக் கொடுத்துவிட்டுப் போயிருந்தான். வாசல் கதவு சாத்தியதும் பாஷா மனைவி மஹ்பூபியைக் கூப்பிட்டார். போனை அவள் முன்னால் வைத்து, மகள் பெயரைச் சொல்லச் சொன்னார்.

"இன்னாங்க இது, திடீர்னு?"

"சொல்லு."

மஹ்பூபி சொன்னாள். 'இன்று' என்று வந்தது.

பாஷா தொடையைத் தட்டிச் சிரித்தார். இருபது வருஷமாக இந்தக் கூரைக்குக் கீழே யாரும் சொல்லாத பெயரை இன்றைக்குச் சொன்னதாகக் காட்டுகிறதே, இதை நம்பியா பெண் கொடுப்பது என்றார். மகனைச் சொல்லச் சொன்னார். 'நேற்று.' சஹரைச் சொல்லச் சொன்னார். 'இன்று.'

"பாத்தியா? மூணு பேருக்கும் தப்பு. அந்தப் பையனோட அப்பனுக்குப் போன் போடு."

முஸம்மில் தரையைப் பார்த்தான். சஹர்தான் போனைத் தாத்தா பக்கம் நகர்த்தினாள். "நீங்க சொல்லல தாதா."

மறுத்தால் பயந்ததாகிவிடும். அவர் சொன்னார். திரையில் ஒரு வருஷம் வந்தது. ஜஹீதா வீட்டை விட்டுப் போன வருஷம்.

பாஷா அதையே பார்த்துக்கொண்டிருந்தார். மூன்று பேருக்குப் பொய் எடை காட்டிய தராசு நாலாவது ஆளுக்கு மட்டும் மெய் எடை காட்டாது. வியாபாரிக்கு அதை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

"எவ்ளோ நாளா?" என்றார் மனைவியிடம்.

"அவ போன மறு வாரத்திலேருந்து" என்றாள் மஹ்பூபி. "உங்க மரியாதைக்கு உங்க எதிர்ல சொல்லல. அவ்ளோதான்."

"அந்தப் பையனுக்குத் தெரியுமா?"

"நான் மொதல்லயே சொல்லிட்டேன்" என்றாள் சஹர். "அத்தை கல்யாணத்துக்கு வருவாங்களான்னு கேக்கத்தான் வந்தாரு. உங்ககிட்ட நேரா கேக்க பயம். அதான் சுத்தி வளைச்சாரு."

இருபது வருஷமாகக் கோட்டை வாசலில் காவல் நின்றவர் அவர். உள்ளே இருந்தவர்கள் கொல்லைப்பக்கமாக வந்துபோய்க்கொண்டுதான் இருந்திருக்கிறார்கள். கோபம் வரும் என்று காத்திருந்தார். வந்தது கோபம்தானா என்று தெரியவில்லை. எழுந்து போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

கல்யாணத்துக்கு முந்திய வெள்ளிக்கிழமை வந்தது. ஜும்மா முடிந்து, வெள்ளை ஜிப்பாவோடு முதுகு வளையாமல் நாற்காலியில் உட்கார்ந்தார். எதிரே மூவரும் உட்கார்ந்தார்கள். மேசைமேல் முஸம்மிலின் போன் கிடந்தது. பாஷா அதைக் கவிழ்த்து வைத்தார்.

மஹ்பூபியின் விரல்கள் முந்தானையை முறுக்கிக்கொண்டிருந்தன.

"ஜஹீதா" என்றார். பிறகு, எங்கோ சுவரைப் பார்த்தபடி, "அவ புருஷன் அப்துல் ஹமீத்" என்றார்.

மூவரும் திரும்பச் சொன்னார்கள். ஒருவர் நாவும் தடுமாறவில்லை. அவர் மூவரையும் ஒரு முறை முறைத்துவிட்டு, இத்தனை வருஷம் தொடங்கிய அந்த இரண்டாவது பெயருக்குப் போனார்.