அவன் எப்படி இருந்தான்

பொள்ளாச்சியில் ஆடிச் சாரல் விழுவது சட்டென்று கண்ணுக்குத் தெரியாது. தென்னை ஓலைகளைப் பார்க்க வேண்டும். ஓலை நுனி மினுங்கினால் சாரல். மினுங்காவிட்டால் வெறும் காற்று.

கோகிலவாணி சன்னலோரம் உட்கார்ந்து அந்த மினுக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மடியில் லேப்டாப். திரையில் ஒரு கேள்வி.

குழந்தை வளர்ப்பைப் பற்றி இணையத்தில் எழுதுகிறவள் அவள். மகள் தாரிகா ஏழாம் மாதமே பிறந்துவிட்டாள். உள்ளங்கையில் அடங்கிய பிள்ளை. பாலாடையில் சொட்டுச் சொட்டாகப் புகட்டி அவளை ஆளாக்கிய கதையைத்தான் கோகிலா முதலில் எழுதினாள். மெதுவாக எழுதினாள். மெதுவாக ஆட்கள் வந்தார்கள்.

குறைமாதக் குழந்தையை நெஞ்சோடு கட்டிக்கொள்வது எப்படி. எடை ஏறாத வாரங்களில் மனதைத் தேற்றிக்கொள்வது எப்படி. குளிப்பாட்டவே கை நடுங்கினால் என்ன செய்வது. எதைக் கேட்டாலும் அவளிடம் பதில் இருந்தது.

தாரிகாவோடு ஒருவன் பிறந்தான். அவனைப் பற்றி ஒரே ஒரு வரி.

"இரட்டையரில் மகனை மறுநாளே இழந்தோம்."

அதை எழுதிவிட்டு உடனே தாரிகாவிடம் திரும்பிவிடுவாள். படிக்கிறவர்களும் அவளோடு திரும்பிவிடுவார்கள்.

ஒருத்தி மட்டும் அந்த வரியில் நின்றுவிட்டாள். திண்டுக்கல்லிலிருந்து பர்வீன். போன வருடம் குழந்தையைப் பறிகொடுத்தவள்.

"அக்கா, உங்கள் மகன் எப்படி இருந்தான்? என் மகள் எப்படி இருந்தாள் என்று என்னிடம் யாரும் கேட்கவில்லை. அதனால் உங்களிடம் கேட்கிறேன்."

பதில் எழுத விரல்களை வைத்தாள் கோகிலா. அவளுக்குத் தெரியாது.

நிஜமாகவே தெரியாது. பிரசவத்தில் ரத்த அழுத்தம் ஏறி வலிப்பு வந்துவிட்டது. கோயம்புத்தூர் ஆஸ்பத்திரியில் அவள் நினைவு திரும்பிக் கண் விழித்தபோது மகன் வந்து போயிருந்தான். கணவர் கனகராஜ் மண்ணுக்குள் அவனை வைத்துவிட்டு வந்து கட்டிலோரம் நின்றிருந்தார். "பாப்பா நல்லா இருக்கறா" என்றார். அதற்குமேல் அவரும் சொல்லவில்லை. அவளும் கேட்கவில்லை. தாரிகா இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். இன்னும் கேட்கவில்லை.

துக்கத்தை அவளுக்குத் தெரியும். எப்போது வரும், எங்கே உட்காரும், எந்த வழியாகப் போகும் என்று தெரியும். அன்று வந்தது புதிதாக இருந்தது. பக்கத்து வீட்டுக்குக் குடிவந்தவர்களை எட்டிப்பார்க்கத் தோன்றுமே, அந்த மாதிரி ஓர் ஆசை.

கறுப்பா, மாநிறமா. தலையில் முடி இருந்ததா. அழுதானா. அழுத சத்தம் எப்படி. கையை மூடி வைத்திருந்தானா, விரித்து வைத்திருந்தானா.

சோறு வடிக்கும்போது ஒரு கேள்வி. தாரிகாவுக்குச் சடை பின்னும்போது ஒரு கேள்வி. பெற்றவளுக்கே தெரியாதது எவ்வளவு.

கனகராஜ் தென்னை நார் மில்லில் சூப்பர்வைசர். சட்டையை எவ்வளவு உதறினாலும் எங்கேயாவது ஒரு நார் ஒட்டியிருக்கும். அந்த ஞாயிற்றுக்கிழமை அவர் கொல்லையில் தேங்காய் உரித்துக்கொண்டிருந்தார். அவள் போய் நின்றாள்.

"ஏனுங்க."

"ம்."

"பையன் எப்படி இருந்தானுங்க?"

எந்தப் பையன் என்று அவர் கேட்கவில்லை. கை மட்டும் நின்றது.

"எதுக்கு அம்மிணி இப்ப அதெல்லாம்? நீ அழுவே."

"அழுகறதுக்குக் கேக்கலீங்க. தெரிஞ்சுக்கறதுக்குக் கேக்கறேன்."

அவர் எழுந்தார். கையைக் கழுவினார். வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். பாதி உரித்த காய் கடப்பாரையிலேயே குத்தி நின்றது.

அன்று பேசவில்லை. மறுநாளும் வேண்டிய பேச்சு மட்டும். தண்ணீர் மோட்டார், தாரிகாவின் வேன், மில்லில் ஷிப்ட். இத்தனை வருடக் குடித்தனம் அந்தப் பேசாமையின் மேல்தான் நின்றிருக்கிறது என்று கோகிலாவுக்கு அப்போதுதான் உறைத்தது. அதைப் போய் அசைத்துவிட்டோமோ என்று பயந்தாள்.

பயம் இருந்தது. கேள்வியும் இருந்தது. இரண்டும் ஒரே வீட்டில் இருந்தன.

வாரக் கடைசியில் ஒரு சாயங்காலம் அவர் தலை நனைந்து வந்தார். துவட்டவில்லை. தாரிகா தரையில் படம் வரைந்துகொண்டிருந்தாள். அவர் கோகிலாவின் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"தும்முனான்" என்றார்.

அவளுக்குப் புரியவில்லை.

"பையன். கண்ணாடிப் பொட்டிக்குள்ள படுத்திருந்தான். மூக்குல குழாய். நான் சும்மா பாத்துட்டே நின்னேன். தும்முனான். அத்தனூண்டு ஒடம்பு. மொத்த ஒடம்பும் தும்முச்சு."

சன்னலுக்கு வெளியே ஓலைகள் மினுங்கின.

"நம்மூட்டுல குழந்த தும்முனா என்ன சொல்லுவோம்? வாய் தானா வந்திருச்சு. நூறு வயசுன்னுட்டேன். நர்சம்மா சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். பொழுது சாயறதுக்குள்ள போயிட்டான்."

தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது. துடைத்துக்கொண்டார்.

"இத எப்படி உங்கிட்டச் சொல்றது? நீ அங்க பேச்சுமூச்சில்லாமக் கெடக்கற. நான் இங்க அவங்கூடச் சிரிச்சுட்டு நின்னிருக்கறேன். உன்ற பங்கையும் சேத்து நானே பாத்துட்ட மாதிரி இருந்துச்சு."

கோகிலா தன் வாயைப் பொத்திக்கொண்டாள். அழுகை வரும் என்று நினைத்தாள். சிரிப்பு முந்திக்கொண்டது. மொத்த உடம்பும் தும்மியதாமே. கால் விரல் வரைக்கும் தும்மியிருப்பான். சிரிப்பின் பின்னாலேயே அழுகையும் வந்தது. இரண்டையும் அவள் தடுக்கவில்லை.

தாரிகா தலையைத் தூக்கினாள். "யாரு தும்முனா?"

"உன்ற தம்பி."

"அவனுக்குச் சளி புடிச்சிருந்துச்சா?"

கனகராஜ் யோசித்தார். உண்மையாகவே யோசித்தார். "தெரியலியே சாமி" என்றார்.

மறுநாள் காலையில் கோகிலா எழுதினாள். குறிப்புகள் இல்லை. அறிவுரை இல்லை. ஒரு கண்ணாடிப் பெட்டி. அதற்குள் ஒரு தும்மல். வெளியே நின்று நூறு வயசு என்று சொன்ன ஒரு தகப்பன். இப்படி இருந்தான் என் மகன், பர்வீன். எனக்கே இப்போதுதான் தெரியும். இனி நீங்கள் சொல்லுங்கள்.

பர்வீனின் பதில் மதியமே வந்தது. "கீழுதட்டில் ஒரு மச்சம், அக்கா. கடுகளவு. ஜைனப் என்று பெயர் வைத்திருந்தோம்."

அவளைத் தொடர்ந்து மற்றவர்களும் எழுதினார்கள். ஒருத்தியின் மகனுக்குப் புருவமே முளைத்திருக்கவில்லை. ஒருத்தியின் மகள் ரயில் போகும் சத்தம் கேட்டால் வயிற்றுக்குள் புரள்வாள். வெளியே வந்த பிறகு ரயில் சத்தம் கேட்க அவளுக்கு நேரம் இருக்கவில்லை. கரூரிலிருந்து ஒரு தகப்பன், தன் சுண்டுவிரலை மகன் பிடித்த பிடியைப் பற்றி எழுதினான். விடவேயில்லை என்று எழுதினான்.

வழக்கமான ஆறுதல் வார்த்தைகளை அந்தப் பக்கத்தில் காணவில்லை. ஒருவரை ஒருவர் கேட்டுக்கொண்டிருந்தார்கள். யார் சாயல்? முடி சுருட்டையா? பசித்தால் என்ன செய்தாள்? இத்தனை நாள் கதவுக்குப் பின்னால் நின்றிருந்த பிள்ளைகள் ஒவ்வொருவராகக் கூடத்துக்கு வந்தது போல இருந்தது.

இரவுச் சாப்பாட்டுக்கு முன்னால் கோகிலா மறுபடி திறந்து பார்த்தாள். புதிதாக ஒன்று வந்திருந்தது. அவள் எழுதியது எதற்கும் இதுவரை பதில் போடாத ஆள்.

"ஒரு தடவை இல்லை. இரண்டு தடவை தும்மினான். இரண்டாவது தடவை சிரிப்பில் நான் ஒன்றும் சொல்லவில்லை. காது அப்படியே அவன் அம்மாவின் காது. கனகராஜ்."

அடுத்த அறையில் அவர் குரல் கேட்டது. தாரிகாவுக்கு ஏதோ கணக்குச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார். கோகிலா அங்கே போகவில்லை. பீரோக் கண்ணாடிக்கு முன்னால் போய் நின்றாள். முடியை ஒதுக்கினாள்.

தோடு மாட்டுவதற்கு மட்டும் இத்தனை வருடம் தொட்ட காது. மேல் விளிம்பு லேசாக உள்ளே மடிந்திருந்தது. மடிந்த இடத்தில் விளக்கு வெளிச்சம் பட்டுச் சிவந்து தெரிந்தது. விரலால் அந்த மடிப்பின் வழியே மெதுவாகப் போனாள். மேலிருந்து கீழே. மறுபடி மேலிருந்து கீழே.

தாரிகா வாசலில் வந்து நின்றாள்.

"என்னம்மா பாக்கற?"

"உன்ற தம்பி காது."

தாரிகா கொஞ்ச நேரம் நின்று பார்த்தாள். பிறகு முக்காலியை இழுத்துக்கொண்டு வந்து, அம்மாவின் பக்கத்தில் போட்டு, மேலே ஏறினாள்.

"தள்ளு. எனக்குத் தெரியல."