சாட்சிக் கையெழுத்து

பங்குனி பிறந்தாலே கண்ணகிக்கு ஒரு கனவு வரும். அவளுக்கு இன்னும் கல்யாணம் ஆகவில்லை. அப்பாவின் காட்டில் நிற்கிறாள். வெடித்த பருத்தி இடுப்பளவுக்கு வெள்ளையாகப் பரந்து கிடக்கிறது. தூரத்தில் யாரோ, "முகூர்த்தத்தத் தள்ளி வச்சாச்சு!" என்று கூவுகிறார்கள். அவள் பாட்டுக்கு மடியில் பருத்தி எடுத்துக்கொண்டே போகிறாள். விழித்தால் பூலாம்பாடியில் புருஷன் வீட்டு ஓடு தெரியும்.

அவளுக்குக் கல்யாணம் நடந்தது 1989 மார்ச் 19, ஞாயிற்றுக்கிழமை. வைகாசியில் வைத்திருந்ததை, மாப்பிள்ளை ராசாங்கத்தின் தாத்தாவுக்கு உடம்பு முடியவில்லை என்று முன்னால் இழுத்துவிட்டார்கள். பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் பங்கு என்ற தமிழ்நாட்டுச் சட்டம் அடுத்த சனிக்கிழமையைத்தான் கணக்கில் எடுத்துக்கொண்டது. அன்றைக்குக் கல்யாணமாகாமல் இருந்தவளுக்கு மட்டும்தான் பங்கு.

சில வருஷம் கழித்து அண்ணன் குருநாதன் யாரோ வக்கீலிடம் கேட்டுவிட்டு வந்து சொன்னான். "பூங்குழலிக்கு உண்டாம். ஒனக்கு இல்லியாம். ஆறே நாளு." அவன் குரலில் வருத்தம்கூட இருந்தது. பூங்குழலி அவர்களின் தங்கை, அப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தாள்.

அதற்கப்புறம் கண்ணகி அரியலூர்ப் பக்கம் பிறந்த ஊருக்குப் போனால், காட்டில் ஒரு பிடி கீரை கிள்ளக்கூட அண்ணி சுமதியைக் கேட்டுவிட்டுத்தான் இறங்குவாள்.

போன வைகாசியில் குருநாதன் போன் பண்ணினான். அப்பாவின் மூன்று ஏக்கரையும் தன் பேருக்கு மாற்றப்போகிறானாம். "பூங்குழலி விட்டுக்குடுத்துக் கையெழுத்துப் போடறா. நீ சாட்சிக்கு வந்துட்டுப் போ."

ரிஜிஸ்தர் ஆபீசுக்கு எதிரே, பத்திரம் எழுதும் அம்பிகாவின் கடையில் மூவரும் உட்கார்ந்திருந்தார்கள்.

"சாட்சி யாருங்க?"

"இவதான். பெரிய தங்கச்சி."

அம்பிகா கம்ப்யூட்டரில் இருந்து கையை எடுத்தாள். "கூடப் பொறந்தவங்களா? அப்ப எப்படி சாட்சி போடுவாங்க? இவங்களும் பங்குதாரராச்சே."

"அவளுக்கு எம்பத்தொம்பதுலயே கல்யாணம் ஆயிடுச்சுங்க. அந்தச் சட்டத்துக்கு முன்னாடி."

"அது பழசு சார். ரெண்டாயிரத்து அஞ்சுல மாத்திட்டாங்க. கல்யாணம் எப்ப ஆயிருந்தாலும் மகளுக்குப் பங்கு உண்டு. அப்பா எப்ப தவறினாரு?"

"ரெண்டாயிரத்துப் பதினொண்ணுல. அம்மா அதுக்கு முன்னாடியே போயிட்டாங்க."

"அதுவரைக்கும் பாகம் பிரிக்கல இல்ல? அப்ப மூணு பேருக்கும் சரிபங்குதான்."

கண்ணகிக்கு அதற்குமேல் பேச்சு சரியாகக் காதில் விழவில்லை. கிணற்றுக்குள் முங்கியிருக்கும்போது மேலே இருப்பவர்கள் பேசுவதுபோல எல்லாம் எட்டக் கேட்டது. ரெண்டாயிரத்து அஞ்சு. அந்த வருஷம் அவள் மகன் எட்டாவது படித்தான். அப்பா உயிரோடு இருந்தார். அன்றிலிருந்து இத்தனை வருஷமாக அவள் கேட்டுக் கேட்டு இறங்கியது தன்னுடைய மண்ணில்தான். காட்டின் வேம்பு, ஓடை, கிழக்கு வரப்பு எல்லாம் ஒவ்வொன்றாக எழுந்து அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தமாதிரி இருந்தது.

"சரி, நீயும் ஒரு கையெழுத்துப் போட்டுடு" என்றான் குருநாதன். "முடிஞ்சிபோச்சு."

"நான் போடலண்ணே."

அவள் குரல் அவளுக்கே புதிதாகக் கேட்டது.

பூங்குழலி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "எனக்கு வேணாம்க்கா. நாளைக்கு அண்ணன் வூட்டுக்கு நான் வந்துபோவணும்." அவள் தன் பங்கை விட்டுக்கொடுத்துவிட்டாள். கண்ணகி அவளைக் குறை சொல்லவில்லை. அந்தப் பயம் தனக்கும் இருந்தது.

குருநாதன் வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டான். பிறகு பாகப்பிரிவினைக்கு வந்து கையெழுத்துப் போட்டான், அவள் முகத்தைப் பார்க்கவில்லை. சர்வேயர் ஓடையோரம் ஒரு ஏக்கரை அளந்து கல் நட்ட அன்று வரவே இல்லை. தீபாவளிக்கு அவன் வீட்டிலிருந்து வரிசை வரவில்லை. அன்று முழுவதும் கண்ணகி வாசலுக்கும் உள்ளுக்குமாக நடந்துகொண்டிருந்தாள்.

அதற்கு முன்னால், ஆவணியில் ஒருநாள், ராசாங்கம் சாப்பிட்டுக்கொண்டே மெதுவாகக் கேட்டிருந்தான். "எப்படியும் பயலுக்குத்தான போவப்போவுது. இப்பயே அவன் பேருக்கு எழுதிட்டா என்ன?"

"போவட்டுங்க. கொஞ்ச நாளைக்கு எம் பேருல இருக்கட்டும்."

அவன் அவளைப் பார்த்தான். "ம்" என்று குழம்பை ஊற்றிக்கொண்டான். மறுநாள் மக்காச்சோள விதை வாங்க அவனே லப்பைக்குடிக்காட்டுக்குப் போனான்.

கார்த்திகையில் மக்காச்சோளம் தலைக்குமேல் வளர்ந்துவிட்டது. மழை விட்டிருந்த ஒரு காலை, கண்ணகி பயிருக்குள் தனியாக நடந்தாள். ஈரத் தோகைகள் தோளில் உரசின. எந்தப் பக்கம் பார்த்தாலும் பச்சை. எங்கே நிற்கிறோம் என்பதே தெரியவில்லை. தெரியவேண்டும் என்றும் தோன்றவில்லை.

"ஏ கண்ணகி!"

ஆறு மாதமாகக் கேட்காத குரல். அடுத்த வரப்பில் குருநாதன் நின்றுகொண்டிருந்தான்.

"யாரு மாடோ ஒன் காட்டுல எறங்குது பாரு. ஓட்டு!"

ஒன் காடு. அவன் யோசித்துச் சொன்னானா, வாயில் வந்துவிட்டதா, தெரியவில்லை.

"இதோண்ணே" என்று சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, தோகைகளை விலக்கியபடி அவள் ஓடினாள்.