தெமோதரை வளைவில் பார்த்த முகம்

எழுபத்திரண்டாம் ஆண்டு, மழை விடாமல் பெய்துகொண்டிருந்த ஒரு சனிக்கிழமை. ஹம்ஸியா டீச்சர் பண்டாரவளையில் வகுப்பை முடித்துக்கொண்டு பதுளைக்கு பஸ்ஸில் திரும்பிக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூடத்தில் படிப்பித்தபடியே அந்த வகுப்பில் பட்டப் பரீட்சைக்கும் படித்து வந்தாள். தெமோதரை வளைவில் எதிரே ஒரு லொறி தலைதெறிக்க வந்து பஸ்ஸை உரசுவதுபோல் கடந்து போனது. அடுத்த கணம் பின்னால் ஓர் அலறல் கேட்டது. பஸ் நின்றது. பாதையோரமாக நடந்து போய்க்கொண்டிருந்த இராக்கம்மா என்ற தேயிலைத் தோட்டத்துப் பெண், கால் முறிந்து தேயிலைச் செடிகளுக்குள் கிடந்தாள். லொறி நிற்கவேயில்லை.

அந்த நெரிசலில், அது வீரய்யாவின் லொறி மாதிரி இருந்தது என்று கண்டக்டர் சொன்னார். வீரய்யா பக்கத்துத் தோட்டத்து லொறி டிரைவர். ஹம்ஸியாவுக்கு அவனைத் தெரியும். டவுனில் அவளுடைய அண்ணன் ஷுக்ரி நானாவின் இரும்புக்கடைக்கு அடிக்கடி சாமான் ஏற்ற வருகிறவன். போலீஸ் வந்து விசாரித்தபோது, ஆமாம், வீரய்யாதான், முகத்தைப் பார்த்தேன் என்று சொல்லிக் கையெழுத்தும் போட்டாள். ஒரு டீச்சர் பார்த்தேன் என்று சொன்ன பிறகு வேறு யாரைக் கேட்பார்கள்? அன்று மாலையே வீரய்யாவைப் பிடித்து ரிமாண்டில் வைத்தார்கள்.

அடுத்த சனிக்கிழமை வகுப்பில் பழைய ஐரோப்பாவைப் பற்றிய பாடம். படிப்பித்தவர் தாஸிம் என்ற இளைஞர். அவளைவிட ஒரு வயது குறைவாகக்கூட இருக்கலாம். நானூறு வருஷத்துக்கு முன் அங்கே எல்லாரும் தாங்கள் அறிந்ததே உண்மை என்று ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டிருந்த காலத்தில், சிலர் மட்டும் 'இது எனக்கு எப்படித் தெரியும்?' என்று தங்களையே கேட்டுக்கொண்டார்கள் என்றார். அந்தக் கேள்வியோடு தன்னையே எடுத்துச் சோதித்துப் பார்க்கிற எழுத்துத்தான் கட்டுரை என்ற வடிவமாக வளர்ந்ததாம். அதன் பழைய பெயருக்கு 'முயன்று பார்த்தல்' என்றே பொருளாம். உங்களுக்கு மிக நிச்சயமாகத் தெரிந்த ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள், அது எப்படித் தெரிய வந்தது என்று மட்டும் எழுதுங்கள், முடிவு வேண்டாம் என்று சொல்லி அனுப்பினார்.

ஹம்ஸியா லொறியை எடுத்துக்கொண்டாள். அதைவிட நிச்சயமாகத் தெரிந்தது அவளிடம் வேறு எதுவும் இல்லை. சுலபமாக முடித்துவிடலாம் என்றும் நினைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து, 'நான் அவன் முகத்தைக் கண்டேன்' என்று தொடங்கினாள். எப்படிப்பட்ட முகம்? சிவப்புக் கட்டம் போட்ட சட்டை, வெற்றிலைக் கறை படிந்த பற்கள், வாய் நிறையச் சிரிப்பு. எழுதிவிட்டு வாசித்துப் பார்த்தாள். பேனை நின்றுவிட்டது. மழையில் அப்படிப் பறந்து போகிற டிரைவர் எதற்குச் சிரிக்கப் போகிறான்? அந்தச் சிரிப்பு அவளுக்குத் தெரிந்ததுதான். முந்தின மாதம் கடை வாசலில் நின்று நானாவோடு பகிடி பேசிக்கொண்டிருந்த வீரய்யாவின் சிரிப்பு அது. சட்டையும் அன்றைக்குப் போட்டிருந்த சட்டைதான்.

அந்தத் தாளைக் கிழித்துவிட்டு வேறொன்றில் எழுதினாள். பஸ் கண்ணாடி மூடியிருந்தது. மழைத்தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. பச்சை நிறத்தில் ஏதோ கடந்தது. உள்ளே ஒரு தலை, தலையில் துண்டு. அதற்கு மேல் ஒரு சொல்கூட எழுத முடியவில்லை. முகம் எப்போது வந்தது? கண்டக்டர் பெயரைச் சொன்ன பிறகு வந்தது. 

பின்னேரம் ஆஸ்பத்திரிக்குப் போனாள். இராக்கம்மா காலில் கட்டோடு படுத்திருந்தாள். லொறியை ஓட்டியது யாரென்று நீ பார்த்தாயா என்று ஹம்ஸியா கேட்டாள்.

"நான் எங்கங்க பாத்தேன்? பின்னால வந்து அடிச்சிருச்சு. எல்லாரும் வீரய்யான்னு சொன்னாங்க. டீச்சரே கண்ணால பாத்தாங்களாமே?"

ஹம்ஸியா கட்டில் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டாள். ஊரே அவளை நம்பியிருந்தது. அவள் நம்பியதோ கண்டக்டரின் 'மாதிரி' என்ற ஒரு சொல்லை.

வீட்டில் சொன்னபோது ஷுக்ரி நானா பயந்துபோனார். கையெழுத்துப் போட்டதை மாற்றிச் சொன்னால் டீச்சர் காசு வாங்கிவிட்டாள் என்று கதை கட்டுவார்கள் என்றார். கொஞ்ச நேரம் தாடியைத் தடவிக்கொண்டிருந்தார். பிறகு, "அவன்ட பிள்ளைகள் தோட்டத்து லயத்து வீட்டில ஈக்கிறாங்க. நட, நானும் வாரேன்" என்றார்.

போலீஸ் நிலையத்தில் இன்ஸ்பெக்டர் முகம் சுளித்தார். கோர்ட்டில் வந்து சொல்லுங்கள் என்று அனுப்பிவிட்டார். வியாழக்கிழமை அவள் சாட்சிக் கூண்டில் ஏறினாள்.  எதிரே மெலிந்துபோன வீரய்யா தலையைக் குனிந்து நின்றான். நீதவான் கேட்பதை மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார். பச்சை லொறியையும் துண்டு கட்டிய ஒரு தலையையும்தான் கண்டதாகவும், முகத்தைக் கண்டதாக நம்பிவிட்டதாகவும் ஹம்ஸியா சொன்னாள்.

"அப்படியென்றால் ஓட்டியது இவரில்லை என்கிறீர்களா?"

ஆமாம் என்று சொல்லிவிட்டால் எவ்வளவு லேசாக முடிந்துவிடும் என்று அவளுக்குத் தோன்றியது. ஆனால் அதையும் அவள் பார்க்கவில்லையே.

"அதுவும் எனக்குத் தெரியாதுங்க. தெரியாதுங்கிறது மட்டும்தான் இப்ப தெரியும்."

மொழிபெயர்ப்பாளர் அதை இன்னொரு தடவை கேட்டு வாங்கித்தான் சிங்களத்தில் சொன்னார்.  நீதவான் வீரய்யாவைப் பிணையில் விடவும், விசாரணையை முதலிலிருந்து தொடங்கவும் உத்தரவிட்டார்.

அதுவரை யாரும் தேடவேயில்லை. தேட வேண்டிய அவசியம் இருக்கவில்லை. இப்போது விபத்தன்று வளைவில் பொறுக்கி வைத்திருந்த விளக்குக் கண்ணாடித் துண்டுகளை எடுத்துக்கொண்டு போலீஸார் கராஜ் கராஜாக ஏறி இறங்கினார்கள். பசறைப் பக்கத்தில் ஒரு கராஜின் பின்புறம் விறகு லொறி ஒன்று நின்றது. வீரய்யாவின் லொறியைப்போல் அதுவும் பச்சைதான். முன் விளக்கு உடைந்திருந்தது, துண்டுகள் பொருந்தின. அதன் டிரைவர் அதிகம் சுற்றி வளைக்கவில்லை. பிரேக் பிடிக்கவில்லை, பயந்து ஓடிவிட்டேன் என்று ஒப்புக்கொண்டான்.

செய்தியை ஷுக்ரி நானாதான் பள்ளிக்கூட வாசலுக்கே வந்து சொன்னார்.   அன்றைக்குத்தான் பல நாட்களுக்குப் பிறகு ஹம்ஸியா வயிறாரச் சோறு தின்றாள்.

ஒரு வாரம் கழித்து, மறுபடி வேலைக்குச் சேர்ந்திருந்த வீரய்யா ஆணி வாங்கக் கடைக்கு வந்தான். அவள் கடைக்குப் பின்னாலிருந்த வீட்டிலிருந்து எழுந்து வந்து அவன் முன்னால் நின்றாள். மன்னிப்புக் கேட்கவேண்டும் என்று எத்தனையோ வாக்கியம் யோசித்து வைத்திருந்தாள்.  உன்னை அநியாயமாக உள்ளே தள்ளிவிட்டேனே என்று மட்டும் சொன்னாள்.

வீரய்யா தலையைச் சொறிந்தான். கோபம் இருந்தது, இல்லையென்று சொல்லமாட்டேன் என்றான். பிறகு குரலைத் தாழ்த்தினான்.

"ஆனா ஒண்ணுங்க டீச்சர். நீங்க பாத்தேன்னு சொல்லிட்டீங்கன்னு கேட்டதும் எனக்கே சந்தேகம் வந்திருச்சு. ஒருவேளை நாமதான் அந்தப் பக்கம் போயிட்டு மறந்துட்டமோன்னு ரெண்டு நாளா ரோசனை பண்ணிக்கிட்டே இருந்தேன்."

சொல்லிவிட்டு அவனே சிரித்தான். ஷுக்ரி நானாவும் சிரித்தார். ஹம்ஸியாவுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்தே வந்தன. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, நின்று தேத்தண்ணி குடித்துவிட்டுப் போகும்படி அவனிடம் சொல்லிவிட்டு, அடுப்பைப் பற்ற வைக்க உள்ளே போனாள்.