சடையனின் சிறப்புரை

கன்னியப்பனுக்குப் பேச வரும் என்பது தமிழ்நாட்டில் மொத்தம் ஆறு பேருக்குத் தெரியும். அதில் ஒருத்தி, மனைவி தாயாரம்மாள், மூன்று வருஷத்துக்கு முன்னால் போய்ச் சேர்ந்துவிட்டதால் இப்போது ஐந்து.

எழுபத்து நாலில் வந்த ஒரு படத்தில் அவர் சடையன் என்ற ஊமை வண்டிக்காரன். ஏரியில் மூழ்கிய தங்கச்சியைக் கூப்பிடக் குரல் இல்லாமல் கரையில் நின்று மார்பில் அடித்துக்கொள்வார். படம் நூறு நாள் ஓடியது. அதற்கப்புறம் பத்தொன்பது படங்கள். ஊமைத் தோட்டக்காரன், ஊமை வாட்ச்மேன், கதாநாயகியின் ஊமை அண்ணன், ஒரு மாறுதலுக்குக் காதும் கேட்காத ஊமை. ஒரே ஒரு இயக்குநர் துணிந்து "ஐயா, லெட்டர்" என்று ஒரு வசனம் கொடுத்தார். படத்தைப் போட்டுப் பார்த்தபோது விநியோகஸ்தர்கள் சிரித்துவிட்டார்கள். அதை வெட்டிவிட்டு, கடிதத்தை ஜன்னல் வழியாகப் போட வைத்தார்கள்.

சாலிக்கிராமத்தில் அவர் தெரு டீக்கடைக்காரர் அவரிடம் ஜாடையில்தான் பேசுவார். ஒருநாள் கன்னியப்பன் வாயைத் திறந்து "சக்கரை கம்மியா" என்றார். டீக்கடைக்காரர், அவருக்குப் பின்னால் நின்றவருக்குச் சக்கரையைக் குறைத்துக் கொடுத்தார். தாயாரம்மாள் இருந்தவரை இதெல்லாம் வீட்டில் சொல்லிச் சிரிக்கிற விஷயமாக இருந்தது. அவள் போன பிறகு சில வாரங்களில் ஒரு வார்த்தைகூடப் பேசாமலே ஞாயிற்றுக்கிழமை வந்துவிடும். படங்களும் நின்றுவிட்டன.

தொண்ணூற்று ஒன்று செப்டம்பரில் ஒரு நோட்டீஸ் வந்தது. ஒரகடம் பக்கத்தில் தகடு அழுத்தி மறைமலை நகருக்கு அனுப்பும் ஒரு சின்ன பேக்டரி. அதன் ஆயுத பூஜை விழா. 'சிறப்புரை: நடிகர் சடையன் கன்னியப்பன்' என்று போட்டிருந்தது. சிறப்புரை என்ற சொல்லை அவர் நாலு தடவை படித்தார். பிறகு உட்கார்ந்து நாலு பக்கம் எழுதினார். ஒரு மாசம் ஜன்னலைச் சாத்திக்கொண்டு மனப்பாடம் செய்தார். பக்கத்து வீட்டில் ரேடியோ என்று நினைத்துக்கொண்டார்கள்.

அது போன வருஷ நோட்டீஸ் என்பது அவருக்குத் தெரியாது. போன வருஷம் தமிழாசிரியர் ஒருவர் வந்திருந்தார். அச்சகத்தில் பெயரை மட்டும் மாற்றிவிட்டு, சிறப்புரையை அப்படியே விட்டுவிட்டார்கள்.

ஒரகடம் கூட்டு ரோட்டில் இறங்கியதும் விழாக் கமிட்டிச் செயலாளர் கோதண்டராமன் மாலை போட்டு, சாப்பிட்டீர்களா என்று விரலைக் குவித்து வாய்ப்பக்கம் காட்டினார். கன்னியப்பன் பழக்கத்தில் தலையாட்டிவிட்டார். மேடைக்கென்று சேர்த்து வைத்திருந்த குரலை இங்கே செலவழிப்பானேன்.

பேக்டரியில் மெயின் சுவிட்சை அணைத்திருந்தார்கள். தகடு அழுத்தும் பிரஸ்களுக்கெல்லாம் சந்தனம், குங்குமம், வாழைக்கன்று. வடக்குப்பட்டிலிருந்தும் மண்ணூரிலிருந்தும் குடும்பத்தோடு நூற்றைம்பது பேர் வந்திருந்தார்கள். சரக்கு அடுக்குகிற மரப் பேலட் நாலைச் சேர்த்துப் போட்டு மேடை.

"மைக் எங்க?" என்றார் கன்னியப்பன்.

கோதண்டராமன் முதலில் பின்னால் திரும்பிப் பார்த்தார். பிறகு மெதுவாக இந்தப்பக்கம் திரும்பினார்.

"சார், நீங்க பேசுவீங்களா?"

"பேசுவேன்."

"எத்தினி நாளா சார்?"

"சின்ன வயசுலேர்ந்து."

"சொல்லவே இல்லியே சார்," என்றார் கோதண்டராமன், சம்பந்தம் பேசி முடித்த பிறகு வியாதியைச் சொன்ன மாப்பிள்ளையைப் பார்ப்பதுபோல. "பேசறவரு யாரும் இல்லன்னுதான் மைக்செட்டையும் பூஜையில வெச்சிட்டோம்."

பூஜை வரிசையில், ஸ்பேனர் செட்டுக்கும் டிரில்லிங் மிஷினுக்கும் நடுவே ஆம்ப்ளிபயர் பொட்டு வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. மைக்கின் தலைமேல் ஒரு சாமந்திப்பூ. மைக்செட் ரகுபதி குறுக்கே வந்து நின்றுகொண்டான்.

"பூஜையில குந்த வெச்சத நாளிக்குத்தான் எடுக்கணும் சார். போன வருசம் ஒருத்தன் அன்னிக்கே ஸ்பேனர எடுத்தான். பொங்கலுக்குள்ள விரலு பூட்ச்சி."

"நீங்க அந்த ஏரிக்கரை சீனப் பண்ணிடுங்க சார்," என்றார் கோதண்டராமன். "அதுக்கு மைக் வேணாம் பாருங்க."

கன்னியப்பன் பேலட்மேல் ஏறினார். கூட்டம் "சடையா" என்று விசிலடித்தது. கை தானாகவே மார்புக்குப் போனது. பதினேழு வருஷப் பழக்கம். அதைப் பிடித்துக் கீழே இறக்கினார். சினிமாவுக்கு முன் காஞ்சிபுரத்தில் நாடகக் கம்பெனியில் இருந்தவர். கடைசி வரிசைவரை போகிற குரல் அது.

"தாய்மார்களே, தோழர்களே, நான் கன்னியப்பன்."

மிஷின் ஓடாத கொட்டகையில் அந்தக் குரல் தகரக் கூரைவரை போய் வந்தது. எல்லாத் தலைகளும் திரும்பின. இடதுபக்கம், வலதுபக்கம், பெரிய பிரஸ்ஸின் பின்பக்கம்.

"யார்ரா பேசறது?"

"டப்பிங்குடா. பிரஸ்ஸாண்ட ஆளு நின்னுகினு கீறான்."

"வாயசைவு கரெக்டா கீது பாரேன்."

"ஆனா அந்தக் குரலு அவருக்கு செட் ஆவல," என்றான் வெல்டிங் திருமலை.

ஒருத்தன் போய் பிரஸ்ஸைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்தான். "ஆளக் காணோம். நம்மளப் பாத்து ஓடிட்டான்."

"செம செட்டப்பு, செயலாளரே," என்று யாரோ சொன்னார்கள். கோதண்டராமன் மறுக்க வாயைத் திறந்தார். பிறகு அடக்கமாகச் சிரித்துக்கொண்டார்.

கன்னியப்பன் நிறுத்தவில்லை. முதல் பக்கம் முடிந்தது, இரண்டாம் பக்கத்தில் நாடகக் கம்பெனி. மூன்றாம் பக்கத்தில் தாயாரம்மாள் வந்தாள்.

"அவளுக்கு எழுத்து தெரியாது. தினமும் சாயங்காலம் நான்தான் பேப்பர் படிப்பேன், வானிலை வரைக்கும். உம் கொட்டிக்கிட்டே காய் நறுக்குவா. ஆஸ்பத்திரியில கட்டிலுக்குப் பக்கத்துலயும் படிச்சேன். பாதியில உம் கொட்டறத நிறுத்திட்டா."

நாலாம் பக்கம் என்ன என்பதே மறந்துவிட்டது. அது நன்றி நவிலல், வேறொன்றுமில்லை.

"டேப்பு நின்னுடுச்சி," என்றான் திருமலை. பலமாகக் கை தட்டினார்கள். கோதண்டராமன் பொன்னாடை போட்டார். அந்தப் பக்கம் பொரி பொட்டலம் கொடுக்க ஆரம்பித்ததும் கூட்டம் மொத்தமும் அங்கே போய்விட்டது.

முன் பெஞ்சில் ஒரு பெண் மட்டும் எழுந்திருக்கவில்லை. பேக்டரி கூட்டுகிற முனியம்மாள். ஆரம்பத்திலிருந்தே அவர் தொண்டை ஏறி இறங்குவதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அப்பறம் இன்னாச்சி?" என்றாள்.

கன்னியப்பன் திரும்பி பிரஸ்ஸைப் பார்த்தார்.

"ஒன்னத்தான்யா. பேப்பர முழுசா படிச்சியா, பாதியிலயே மடிச்சி வெச்சிட்டியா?"

அதை இதுவரை யாரும் கேட்டதில்லை.

"முழுசா படிச்சேன்மா."

முனியம்மாள் முந்தானையை இழுத்துக்கொண்டு பெஞ்சில் நகர்ந்து உட்கார்ந்தாள்.

"வந்து குந்து. அன்னிக்கி பேப்பருல இன்னா போட்டிருந்தான், சொல்லு."

கன்னியப்பன் பேலட்டை விட்டு இறங்கினார்.